தோசை சரிபார்க்கப்படவில்லை

விலைச்சீட்டில் சிவப்பு மையில் ஐந்து எழுத்து. "இது என்னடா?" என்று மச்சினனிடம் காட்டினேன். குனிந்து படித்தான்.

"தோசா மிகாகுனின்."

"தோசையா?"

"தோசா, மாமா. இயக்கம்னு அர்த்தம். மிகாகுனின்னா சரிபார்க்கலை. ஓடுமா ஓடாதான்னு நாங்க பார்க்கலை, வாங்கினா உங்க பாடுன்னு சொல்றாங்க."

அன்றைக்கு டோக்கியோவின் அகிஹாபாராவில் எனக்குப் பிடித்துப்போன பொருள் ஒவ்வொன்றின் மேலும் அந்த ஐந்து எழுத்து ஒட்டியிருந்தது. தோசை சரிபார்க்கப்படவில்லை. மத்தியானத்துக்குள் அதைப் பத்தடி தூரத்திலிருந்தே அடையாளம் காணும் அளவுக்கு ஜப்பானியம் தேறிவிட்டேன்.

மச்சினன் குடியிருப்பது டோக்கியோவின் கிழக்கில், நிஷி கசாயில். கணினி வேலைக்கு வந்த நம்மவர்கள் கூட்டமாக வாழும் பகுதி. துவரம்பருப்புக்கும் கறிவேப்பிலைக்கும் அலைய வேண்டாம். வீட்டில் எல்லோரும் டிஸ்னிலேண்டுக்குக் கிளம்பிய காலையில் எனக்குத் தலைவலி என்று சொல்லிப் பார்த்தேன். யாரும் நம்பவில்லை. ஆனால் மச்சினனுக்கு டிஸ்னி ஏற்கெனவே நாலு முறை சலித்துப்போயிருந்தது. "மாமாவைத் தனியா விடக் கூடாது" என்று பெரிய மனதோடு என்னோடு சேர்ந்துகொண்டான். தோசாய் தடத்தில் ஏறி, கயாபாச்சோவில் ஹிபியா தடத்துக்கு மாறினால் மூன்றாவது நிலையம் அகிஹாபாரா.

நான் தேடிப்போன பொருள் என்ன என்பதைச் சொல்ல என் சின்ன வயதுக்குப் போக வேண்டும். தொண்ணூறுகளில் நம் ஊரில் 'டிவி கேம்' என்ற பெயரில் விற்றதெல்லாம் ஜப்பானின் ஃபேமிகாம் இயந்திரத்தின் நகல். கேசட்டின் மேல் 9999999 ஆட்டம் என்று அச்சடித்திருப்பார்கள். உள்ளே இருபது தேறினால் அதிகம். படம் வராவிட்டால் கேசட்டைக் கழற்றி வாயால் ஊதுவோம். யார் யாருக்கு அனுமதி கொடுத்தார்கள் என்று எவரும் கேட்டதில்லை. அப்படி ஒரு அனுமதி இருக்கிறது என்பதே தெரியாது. வெகுகாலம் கழித்துத்தான் எனக்கு ஒரு சந்தேகம் முளைத்தது. வெளியூர்க்காரன் நகலெடுத்தது இருக்கட்டும். அந்த இயந்திரங்கள் பிறந்த ஜப்பானுக்குள்ளேயே, தயாரித்த கம்பெனியிடம் ஒரு வார்த்தை கேட்காமல் ஆட்டம் செய்து விற்றவர்கள் உண்டா? அதிலும், பொம்மைக்குப் பதில் சினிமாப் படமே ஓடுகிற ஆட்டம் உண்டா?

படம் ஓடுகிற ஆட்டம் என்றால், திரையில் முன்பே எடுத்து வைத்த காட்சி ஓடிக்கொண்டிருக்கும். சரியான நொடியில் சரியான பொத்தானை அமுக்கினால் அடுத்த காட்சி. தவறினால் கதாநாயகன் சாகிற காட்சி. அவ்வளவுதான். ஆட்டம் என்று சொல்லவே கூச்சமாக இருக்கும். ஆனாலும் எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் இதற்காகக் கோடிக்கணக்கில் கொட்டினார்கள்.

அகிஹாபாராவில் இறங்கியதும் எல்லோரும் பெரிய சாலைக்குப் போவார்கள். மச்சினன் முதலில் ரயில் பாலத்துக்கு அடியில் இருக்கும் ரேடியோ சென்டருக்குக் கூட்டிப்போனான். போருக்குப் பிறகு நடைபாதையில் ரேடியோ உதிரிபாகம் விற்றவர்களை ஒழுங்குபடுத்திப் பாலத்துக்கு அடியில் உட்கார வைத்ததிலிருந்து வந்த சந்தை. ஒவ்வொரு கடையும் நம் ஊர்ப் பெட்டிக்கடை அகலம். ஸ்விட்ச் மட்டும் விற்கும் கடை, ஒயர் மட்டும் விற்கும் கடை. தலைக்கு மேல் ரயில் போகும்போது டப்பாக்களில் இருக்கும் திருகாணிகள் லேசாகக் கிலுகிலுக்கும். ஐந்து நிமிடம்தான் நின்றோம். ஆனால் அந்த ஊரின் ஜாதகம் அங்கேயே இருக்கிறது. இது பொம்மை விற்க வந்த ஊர் இல்லை, பிரித்து மேய வந்த ஊர்.

பழைய ஆட்டக் கடைகள் தரைத்தளத்தில் இருக்காது. ஒரு ஆள் மட்டும் ஏறக்கூடிய படிக்கட்டு, அல்லது நாலு பேர் நின்றால் மூச்சு முட்டுகிற லிஃப்ட். ஒரு கடைக்குப் பெயரே சூப்பர் பொட்டேட்டோ. மேல்தளத்தில் காசு போட்டு ஆடும் பழைய இயந்திரங்களை ஓடவிட்டிருக்கிறார்கள். அங்கே வெளிநாட்டுக்காரர் கூட்டம் தாங்கவில்லை. நாங்கள் வேறு ஒரு சந்துக்குள் நுழைந்து, ஒரு நிலவறைக் கடைக்கு இறங்கினோம். அறுபது வயது மதிக்கத்தக்க ஒருவர் கல்லாவில் இருந்தார். மச்சினன் என்னைப் பற்றி என்ன சொன்னானோ தெரியாது. அவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, உள்ளே போய் ஒரு மஞ்சள் நிறத் தகட்டை எடுத்து வந்தார்.

உள்ளங்கை அளவு. ஃபேமிகாமுக்கு 1986 பிப்ரவரியில் நின்டெண்டோ கொண்டுவந்த டிஸ்க் சிஸ்டத்தின் தகடு. கேசட்டைவிட மலிவு. கடையில் ஓர் இயந்திரத்தில் 500 யென் கொடுத்தால் பழைய ஆட்டத்தை அழித்துவிட்டுப் புதிதாக ஒன்றை எழுதிக் கொடுப்பார்கள். இரண்டு பக்கமும் சேர்த்து 112 கிலோபைட். காந்தப் படலம் மூடியில்லாமல் திறந்தே கிடக்கிறது. தொடப்போன என் விரலைப் பெரியவர் மெதுவாகத் தள்ளிவிட்டார். பிறகு தகட்டின் கீழ் ஓரத்தைத் திருப்பிக் காட்டினார்.

பிளாஸ்டிக்கில் நின்டெண்டோ என்ற பெயர் பள்ளமாகப் பொறித்திருந்தது. ஏதோ அலங்காரம் என்று நினைத்தேன். அலங்காரம் இல்லை, அதுதான் பூட்டு. இயந்திரத்துக்குள் இதே எழுத்துகள் மேடாகத் துருத்தி நிற்கின்றன. மேடு பள்ளத்தில் உட்கார்ந்தால்தான் தகடு முழுசாக உள்ளே போகும். வேறு கம்பெனி தகடு செய்தால் பெயர் இருக்காது, உள்ளே போகாது. பெயரைப் பொறித்தால் உள்ளே போகும், ஆனால் அடுத்தவன் வணிகப் பெயரைத் திருடினான் என்று வழக்குப் போடலாம். சாவியே எதிரியின் கையெழுத்து! இப்படி ஒரு பூட்டை யோசித்தவரைப் பாராட்டாமல் இருக்க முடியவில்லை.

பெரியவர் இன்னொரு தகட்டை அதன் பக்கத்தில் வைத்தார். அதில் பெயர் இல்லை. எழுத்துகள் இருக்க வேண்டிய இடத்தில், மேடு இடிக்காத அளவுக்குச் சில பள்ளங்கள் மட்டும். வேறு சிலர் ஓரிரு எழுத்தை மட்டும் மாற்றிப் பொறித்தார்களாம்; வாசித்தால் வேறு பெயர், தடவினால் அதே பெயர். பூட்டுக்கு வாசிக்கத் தெரியாது, தடவத்தான் தெரியும்.

அனுமதியில்லாத ஆட்டங்களில் ஜப்பானுக்குள் பெரும் பெயர் எடுத்தது ஹாக்கர் இன்டர்நேஷனல். நடத்தியவர் சதோரு ஹாகிவாரா. கேசட் ஃபேமிகாமுக்கு ஜப்பானில் பூட்டே இல்லை. 1985-ல் அமெரிக்காவுக்கு அனுப்பிய வடிவத்தில்தான் பூட்டுச் சில்லு வைத்தார்கள். சொந்த ஊர்க்காரன் துணிய மாட்டான் என்ற நம்பிக்கை போலிருக்கிறது. ஹாகிவாரா துணிந்தார். தகடு நகலெடுக்கும் மென்பொருள் விற்றார். பிறகு நின்டெண்டோ ஒருநாளும் சம்மதிக்காத வகை ஆட்டங்கள்: மாஜோங்கில் ஜெயித்தால் ஒரு பெண் ஆடையைக் களைவாள். புள்ளி புள்ளியாக, எண்ணிவிடக்கூடிய அளவு புள்ளிகளில். இதற்காகவா இத்தனை துணிச்சல் என்று தோன்றாமல் இல்லை. ஆனால் உலகத்தில் அனுமதி இல்லாமல் திறந்த கடைகளில் முக்கால்வாசி இதைத்தான் விற்றிருக்கின்றன. அதற்கு ஜப்பானை மட்டும் குறை சொல்ல முடியாது.

"படம் ஓடுகிற ஆட்டம் இருக்கிறதா என்று கேள்" என்றேன். பெரியவர் சிரித்து, 112 கிலோபைட்டில் என்ன படம் ஓடும் என்று கேட்டதாக மச்சினன் சொன்னான். அதற்கு வட்டு வேண்டும்.

அடுத்து அவர் எடுத்து வைத்தது பிசி எஞ்ஜின். என்இசி கம்பெனியும் ஹட்சனும் சேர்ந்து 1987 அக்டோபரில் கொண்டுவந்த வெள்ளை டப்பா. டப்பா என்று சொல்வதே அதிகம், டிபன் பாக்ஸ் அளவுதான். உலகத்திலேயே சிடி கருவியோடு இணைந்த முதல் வீட்டு ஆட்ட இயந்திரம் இதுவே. அந்தச் சிடி கருவி 1988 டிசம்பர் 4 அன்று வந்தது. அன்றைக்கு அதோடு வெளியான இரண்டு ஆட்டங்களில் ஒன்றில், நொரிகோ ஒகாவா என்ற பாடகி தன் படத்தோடும் குரலோடும் நம்மிடம் பேசுவார். முதல் நாளிலேயே ஆசை எந்தப் பக்கம் இழுத்திருக்கிறது, பாருங்கள்.

ஆனால் ஆசைக்கும் வட்டுக்கும் நடுவில் ஒரு கணக்கு உண்டு. அந்தக் கால சிடி ஒரு வினாடிக்கு 150 கிலோபைட் கொடுக்கும். 256-க்கு 224 புள்ளி உள்ள ஒரு திரையை 16 நிறத்தில் நிரப்ப 28 கிலோபைட் ஆகும். அப்படியென்றால் வினாடிக்கு ஐந்து படம், அதுவும் ஒலி இல்லாமல். சினிமாவுக்கு 24 வேண்டும். போதாக்குறைக்கு அதன் நினைவகம் 64 கிலோபைட். இரண்டு படம் வைத்தால் நிரம்பிவிடும். அதனால் திரையின் நடுவில் தபால் அட்டை அளவுக்கு ஒரு சன்னல் வெட்டி, அதற்குள் மட்டும் படத்தை ஓடவிடுவார்கள். சுற்றிலும் கறுப்பு, அல்லது பூ வேலைப்பாடு. பின்னாளில் ஹட்சன் ஹூவீடியோ என்று ஒரு முறை கண்டுபிடித்து, 1995-ல் கலிவர் பாய் ஆட்டத்தில் சுமாராக ஓடவிட்டார்கள். அதற்குள் ஊர் பிளேஸ்டேஷனுக்கு மாறத் தொடங்கிவிட்டது.

இந்தச் சிடிகளில் எனக்கு மிகவும் பிடித்தது முதல் பாட்டு. ஆட்டச் சிடியை யாராவது பாட்டுக் கருவியில் போட்டுவிட்டால் ஒலிபெருக்கி கெட்டுவிடும் என்ற பயத்தில், முதல் தடத்தில் ஓர் எச்சரிக்கைக் குரலைப் பதிந்திருப்பார்கள். பெரியவர் ஒன்றைப் போட்டுக் காட்டினார். ஒரு பெண் மிகுந்த பணிவோடு, இது ஆட்ட வட்டு, இரண்டாவது தடத்தைத் தயவுசெய்து ஒலிக்கவிடாதீர்கள் என்று கேட்டுக்கொள்கிறாள். திருடனிடம்கூட அவள் இதே குரலில்தான் பேசியிருப்பாள்.

ஏனென்றால் வட்டில் நகல் காப்பு ஏதும் கிடையாது. அன்றைக்கு வீட்டில் சிடி எழுதும் கருவி எவரிடமும் இல்லையே. சிடியை இயக்க, இயந்திரத்தின் முன்வாயில் ஒரு சிஸ்டம் கார்டைச் செருக வேண்டும். கிரெடிட் கார்டைக் கொஞ்சம் தடியாக்கியது போன்ற அட்டை. அந்த அட்டைதான் வாசற்காரன். கேம்ஸ் எக்ஸ்பிரஸ் என்ற பெயரில் ஹாகிவாராவின் ஆட்கள் இங்கேயும் வந்தார்கள். வாசற்காரனிடம் கெஞ்சவில்லை, ஏமாற்றவில்லை. தாங்களே ஒரு வாசற்காரனைச் செய்துகொண்டார்கள்! கேம்ஸ் எக்ஸ்பிரஸ் சிடி கார்டு. அவர்கள் வட்டுக்கு அவர்கள் அட்டை. வட்டில் இருந்ததோ மறுபடியும் மாஜோங், போக்கர், பச்சிங்கோ, பெண்கள். புள்ளி ஓவியத்துக்குப் பதில் இப்போது சிலவற்றில் புகைப்படம்.

அந்த அட்டையைக் கையில் வாங்கிப் பார்த்தேன். ஒரு முனையில் தங்க நிறப் பற்கள். எடை என்று ஒன்றுமில்லை. விலைச்சீட்டில் ஐந்து எழுத்து.

மதியம் தாண்டிவிட்டது. நின்றபடி சோபா நூடுல்ஸ் சாப்பிட்டோம். சூடான குழம்பை உறிஞ்சும்போது, "மாமா, இதுவரை ஒரு படமும் ஓடலையே" என்றான் மச்சினன். நியாயமான பேச்சு.

திரும்பிப் போனபோது பெரியவர் கடைக்குள் ஒரு பெட்டியின் மேலிருந்து துணியை உருவிக்கொண்டிருந்தார். பயனியர் லேசர் ஆக்டிவ். பீரோவின் இழுப்பறை போல ஒரு கறுப்புப் பெட்டி. 1993 ஆகஸ்டில் 89,800 யென்னுக்கு வந்தது. அந்தக் காசுக்கு அதில் படமும் பாட்டும் மட்டும்தான். ஆட்டம் வேண்டுமென்றால் முன்பக்கத்தில் இருக்கும் பொந்துக்குள் ஒரு பொதியை வாங்கிச் செருக வேண்டும்: சேகாவின் மெகா டிரைவ் பொதி ஒன்று, என்இசியின் பிசி எஞ்ஜின் பொதி ஒன்று. ஒவ்வொன்றும் இன்னொரு 39,000. கரோக்கே பொதியும் இருந்தது. குடும்பத் தலைவரிடம் இந்த விலையைச் சொல்லிச் சம்மதம் வாங்க அந்தக் கரோக்கே பொதிதான் உதவியிருக்கும் என்பது என் ஊகம்.

இழுப்பறை நீண்டு வெளியே வந்தது. பெரியவர் உறையிலிருந்து வட்டை எடுத்தார். நம் வீட்டு எல்பி இசைத்தட்டு அளவு, 30 சென்டிமீட்டர், முழுக்க வெள்ளி. நிஜமாகவே இரண்டு கைகளால் ஓரம் பிடித்துத்தான் தூக்கினார். தாம்பாளம் கனம் இருந்திருக்கும். சாப்பாட்டுத் தட்டு போல அதில் என் முகம் தெரிந்தது, முகத்தைச் சுற்றி வானவில். இழுப்பறை உள்ளே போய், கிர்ரென்று ஒரு சத்தம் மெல்ல ஏறியது. நம் வீட்டு மிக்சியை அடுத்த அறையில் யாரோ ஓடவிட்டது மாதிரி. வேகமாகச் சுழலும் வகை லேசர் வட்டு நிமிடத்துக்கு 1,800 சுற்று சுற்றுகிறது. ஒரு சுற்றுக்கு ஒரு படம், ஒரு பக்கத்தில் 54,000 படம், அரை மணி நேரம். ஒவ்வொரு படத்துக்கும் எண் உண்டு. ஆட்டம் என்பது "இத்தனாம் எண்ணுக்குத் தாவு" என்று சொல்வது, அவ்வளவுதான்.

இது கணினிப் படம் இல்லை, பழைய டிவி அலையை அப்படியே குழிகளாகப் பொறித்தது. அதனால் 150 கிலோபைட் கணக்கு இதற்குப் பொருந்தாது. படம் திரை நிறைய, குறையில்லாமல் வரும். எண்பதுகளின் தொடக்கத்திலேயே கடைவீதி ஆட்டக்கூடங்களில் இந்த வட்டு வந்துவிட்டது. சேகாவின் ஆஸ்ட்ரான் பெல்ட், அமெரிக்காவில் 1983-ல் டிராகன்ஸ் லேர். டேட்டா ஈஸ்ட் தன் பேகாஸ் பேட்டிலுக்குப் பெரும்பாலும் தனியாகப் படம் வரையவில்லை. ஹார்மகெடான் என்ற திரைப்படத்திலிருந்து வெட்டி எடுத்துக்கொண்டது.

பெரியவர் போட்டது டைட்டோ கம்பெனியின் டைம் கேல். 1985 ஆட்டக்கூட ஆட்டம், இதில் மெகா டிரைவ் பொதியின் வடிவம். படம் வரைந்தது தோயே அனிமேஷன். கி.பி. 4001-ல் லூடா என்பவன் கால இயந்திரத்தைத் திருடிக்கொண்டு ஓடுகிறான். பச்சைத் தலைமுடிக்காரி ரெய்கா ஒவ்வொரு யுகமாகத் துரத்துகிறாள். எனக்கு விசையைக் கொடுத்தார். டைனோசர் வாயைத் திறந்தது. திரையின் ஓரத்தில் ஒரு மின்னல். இடதா? அமுக்கினேன். தாமதம். ரெய்கா தட்டையாக, குட்டைக் கால் கேலிச்சித்திரமாக மாறி, மிதிபட்டுச் செத்தாள். மறுபடி. மறுபடி சாவு. ஒவ்வொரு யுகத்துக்கும் அவளுக்கு வேறு வேறு வேடிக்கைச் சாவு வரைந்து வைத்திருக்கிறார்கள். நன்றாக ஆடத் தெரிந்தவன் இந்த ஓவியத்தில் பாதியைப் பார்க்கவே மாட்டான்! சில இடங்களில் அவள் காலத்தையே நிறுத்துகிறாள். மூன்று வழி எழுதிக் காட்டுவார்கள், ஏழு வினாடிக்குள் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அதைப் படித்துச் சொல்வதற்குள் மச்சினனுக்கு எட்டு வினாடி ஆனது.

ஒவ்வொரு தாவலுக்கும் திரை ஒரு கண்ணிமைப்பு கறுத்தது. பெட்டிக்குள் ஏதோ நகரும் சத்தம். ஒளிக்கற்றை ஓர் எண்ணிலிருந்து இன்னொரு எண்ணுக்கு ஓடுகிறது. திரையில் பெண் ஓடுகிறாள், பெட்டிக்குள் கண்ணாடி வில்லை ஓடுகிறது. இரண்டும் ஒரே நேரத்தில் ஓடுவதைக் காதால் கேட்கலாம் என்று எனக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை. சாவதை விட்டுவிட்டு அந்தச் சத்தத்தையே கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

படத்தில் ஆங்காங்கே வெள்ளைப் பொட்டு சிதறியது. "பழுது" என்றார் பெரியவர். லேசர் வட்டு என்பது இரண்டு வட்டுகளை முதுகோடு முதுகு பசை போட்டு ஒட்டியது. பசை சரியில்லாவிட்டால் உள்ளே இருக்கும் அலுமினியப் பூச்சு அரிக்கும். துடைத்துப் பயனில்லை, நோய் உள்ளே. இதைக் காப்பாற்ற ஒரு வழி கண்டுபிடித்திருக்கிறார்கள். பிபிசி 1986-ல் பிரிட்டனை முழுக்கப் பதிந்து வைத்த டூம்ஸ்டே வட்டுகளை மீட்கச் செய்த ஒரு கருவி. லேசர் தலையிலிருந்து வரும் அலையையே வினாடிக்கு 4 கோடி முறை அளந்து எழுதிக்கொள்ளும். படமாகப் பார்க்காமல், பார்வையையே பதிவது. 2025-ல் ஏரிஸ் என்ற எமுலேட்டர் மெகா டிரைவ் பொதியின் லேசர் ஆட்டங்களைக் கணினியில் ஓடவைத்தது. 32 வருடம் காத்திருந்த வட்டுகள்.

எல்லாம் சரி, இவை முறையாக அனுமதி பெற்றவை. நான் கேட்டது அனுமதியில்லாப் படம். அதை மறுபடி சொன்னதும் பெரியவர் யோசித்துவிட்டு ஒன்று சொன்னார். மச்சினன் அதை மொழிபெயர்த்தபோதுதான் எனக்கு அந்த நாளின் விஷயமே பிடிபட்டது. ஆட்டக்கூடத்தின் லேசர் வட்டை எடுத்து வீட்டுக் கருவியில் போட்டால், அது பாட்டுக்குப் படமாக ஓடும். ஜெயிப்பதும் சாவதும் வரிசையில்லாமல். தான் ஆட்டமா சினிமாவா என்று வட்டுக்குத் தெரியாது. ஆட்டத்துக்குத்தான் அனுமதி வேண்டும். சினிமாவுக்கு எந்தக் கன்சோல் கம்பெனியிடமும் கேட்க வேண்டியதில்லை. அதை ஒருநாள் ஒருவர் கண்டுபிடிப்பார்தானே?

மாடியில் இன்னொரு கடை. கடைசி அடுக்குக்குப் பின்னால் ஒரு துணித் திரை தொங்கியது. அதன் மேல் 18 என்று எழுதி ஒரு தடை எழுத்து. மச்சினன் சட்டென்று கைப்பேசியை எடுத்துப் பார்க்க ஆரம்பித்தான். அக்காள் புருஷனோடு அந்தத் திரையைத் தாண்டுவதை எந்தத் தமிழ்ப் பையனும் விரும்ப மாட்டான், எனக்கும் அப்படித்தான். நல்லவேளை, நாங்கள் தேடியதில் சில, திரைக்கு இப்பக்கமே ஒரு ஜங்க் கூடையில் கிடந்தன. ஜங்க் என்றால் ஜப்பானில் குப்பை இல்லை. 'திருப்பித் தர வராதே' என்பதன் மரியாதையான வடிவம்.

டிவிடிபிஜி. டிவிடி பிளேயர்ஸ் கேம் என்பதன் சுருக்கம். பின்னணி இதுதான்: வயதுவந்தோர் ஆட்டங்களுக்குக் கன்சோல்களில் கதவு ஒவ்வொன்றாக மூடியது. சேகா சாட்டர்ன் கொஞ்சகாலம் தனி முத்திரையோடு விட்டது, 1996-ல் நிறுத்தியது. 3டிஓ, பிசி-எஃப்எக்ஸ் இரண்டும் இடம் கொடுத்தன. இரண்டும் போய்ச் சேர்ந்தன. பிளேஸ்டேஷனை நடத்திய சோனி இடமே கொடுக்கவில்லை. ஆனால் 2000 மார்ச் 4 அன்று 39,800 யென்னுக்கு வந்த பிளேஸ்டேஷன் 2, டிவிடி படமும் காட்டியது. பல வீடுகளில் முதல் டிவிடி கருவியே அதுதான். ஆட்ட வாசலில் காவல் இருந்தது, சினிமா வாசல் திறந்து கிடந்தது. கணினியில் ஓடிய காதல் கதை ஆட்டங்களைப் பிரித்து, டிவிடி சினிமாவாகத் தைத்து, சோனியின் ஆட்டப் பிரிவைத் தொடாமலே சோனியின் பெட்டிக்குள் அனுப்பிவிட்டார்கள். பூட்டை உடைக்கவில்லை. பெயரைப் பொறிக்கவில்லை. பட்டப்பகலில் டிக்கெட் வாங்கிய ரசிகன் மாதிரி உள்ளே போனார்கள். பிறகு கையடக்க பிஎஸ்பி வந்தபோது அதன் சிறு வட்டிலும் இதையே செய்தார்கள். அதற்கு யூஎம்டிபிஜி என்று பெயர்.

இதில் தொழில்நுட்ப வேடிக்கை ஒன்று உண்டு. டிவிடி சினிமாவின் மெனுவை ஓட்ட, கருவிக்குள் ஒரு குட்டிக் கணக்குப்பிள்ளை இருக்கிறான். அவனிடம் இருப்பது 16 பெட்டி, ஒவ்வொன்றிலும் 16 பிட். மொத்தம் 32 பைட். இன்றைய கணினி எழுத்து முறையில் தமிழில் பத்து எழுத்து எழுதினாலே 30 பைட் ஆகிவிடும். கதாநாயகி உங்கள் மேல் எவ்வளவு பிரியமாக இருக்கிறாள், நேற்று அவளை நூலகத்தில் பார்த்தீர்களா, குடையைக் கொடுத்தீர்களா, எல்லாம் அந்தப் பத்தெழுத்து இடத்துக்குள். ஒரு திரையில் 36 பொத்தானுக்கு மேல் வைக்க முடியாது. உரையாடலின் ஒவ்வொரு வரியும் எழுத்தில்லை, படம். எதையும் சேமித்து வைக்கவும் முடியாது. மின்சாரம் போனால் காதலும் போச்சு. அதனால் கதை நடுவில் ஒரு நீண்ட எண்ணைக் காட்டி எழுதிக்கொள்ளச் சொல்வார்கள். அடுத்த நாள் அதைத் தட்டினால் அவளுக்கு உங்களை ஞாபகம் வரும். இந்தக் கோவணத்தை வைத்துக்கொண்டு ஒரு நாவல் எழுதியவர்களை நான் மதிக்கிறேன், நாவல் எப்படி இருந்தாலும்.

கூடையைக் கிளறி, எல்லா வயதினருக்கும் என்று மச்சினன் மூன்று முறை படித்து உறுதிசெய்த ஒன்றை எடுத்தேன். அட்டையில் மழை, ஒரு கிராமத்து ரயில் நிலையம், பள்ளிச் சீருடையில் ஒருத்தி. 300 யென். நிஷி கசாயில் அதைப் போட்டுப் பார்க்க ஒரு கருவி இல்லை. அந்த வீட்டில் எல்லாமே இணையம் வழியாகத்தான். பொறுமையாக ஊருக்குக் கொண்டுவந்தேன்.

சென்னை வந்து, பரணிலிருந்து பழைய டிவிடி பிளேயரை இறக்கித் தூசு தட்டி, வட்டைப் போட்டேன். ரீஜன் தவறு என்று திரையில் வந்தது. சினிமாக் கம்பெனிகள் உலகத்தைக் கூறுபோட்டு வைத்திருக்கின்றன: ஜப்பான் 2, இந்தியா 5. ஆட்டத்தின் பூட்டிலிருந்து தப்பிக்கச் சினிமா வேடம் போட்ட வட்டை, சினிமாவின் பூட்டு பிடித்துக்கொண்டது. நாற்காலியில் உட்கார்ந்து கொஞ்ச நேரம் சிரித்தேன்.

மறுநாள், எலக்ட்ரானிக்ஸ் கடைகள் நெருக்கியடிக்கும் ரிச்சி தெரு. மாடிப்படிக்கு அடியில் மேசை போட்டிருந்த ஒரு மெக்கானிக், பிளேயரைத் திறக்கக்கூட இல்லை. தட்டை வெளியே இழுத்து வைத்து, ரிமோட்டில் நாலைந்து எண்ணைத் தட்டினார். ஒரு ரகசிய மெனு வந்தது. 5 என்று இருந்ததை 0 ஆக்கினார். "இனிமே எந்த ஊர்ப் படமும் ஓடும் சார்."

வட்டைப் போட்டார். மழைச் சத்தம். நிலையம். பெண் திரும்பிப் பார்த்து என்னவோ கேட்டாள். கீழே இரண்டு வரி, ஒன்று மட்டும் மஞ்சளாக மின்னியது.

"என்ன சார், படம் நின்னுபோச்சு?"

"நிக்கல. நம்மகிட்ட ஏதோ கேக்குது."

"என்னன்னு?"

"தெரியலையே."

அவர் கீழே இருந்ததை அமுக்கினார். உள்ளே சின்னதாக ஒரு நகரும் சத்தம், கண்ணிமைப்பு கறுப்பு, ரயில் வந்தது. அவள் ஏறவில்லை. மறுபடி இரண்டு வரி. சாலிடரிங் இரும்பை ஓரமாக வைத்துவிட்டு, ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். பக்கத்துக் கடைப் பையனும் வந்து நின்றான். மேலே அமுக்கச் சொன்னான். கால் மணி நேரத்தில் மூன்று பேருமாகச் சேர்ந்து அவளை எங்கேயோ கொண்டுபோய் விட்டோம். அவள் அழுதாள், ஏன் என்று எங்களுக்குத் தெரியவில்லை. பிறகு திரை நீலமாகி, நடுவில் ஒரு நீண்ட எண் வந்து நின்றது.

பையன் தன்னிடம் இருந்த பில் புத்தகத்தில் ஒரு தாளைக் கிழித்து, பின்பக்கத்தில் அதை எழுதி என்னிடம் நீட்டினான். அந்த வட்டு முழுவதிலும் எனக்குப் படிக்க முடிந்தது அது ஒன்றுதான்.